1941 கோரிக்கைப் பட்டியல்: கூலி மட்டும்தானா?

கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் 1941-இல் நடத்திய வேலைநிறுத்தத்தைப் பற்றி எழுதச் சொன்னால், மாணவர்கள் பலர் ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள்: சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி கேட்டார்கள். சரிதான். ஆனால் அது 12 கோரிக்கைகளில் ஒன்று. மற்றவற்றையும் வாசித்துப் பாருங்க.

கள்ளுக்கடைகளை மூட வேண்டும். உறவினரும் நண்பரும் தோட்டத்துக்குள் தாராளமாக வந்துபோக வேண்டும். ஐரோப்பியரையும் ஆசிய ஊழியரையும் கண்டால் சைக்கிளைவிட்டு இறங்கும் வழக்கம் ஒழிய வேண்டும். சங்கம் அமைக்க அனுமதி வேண்டும்.

இந்த நான்கையும் சேர்த்துப் படித்தால் வேறொரு கேள்வி தெரியும். வேலை முடிந்தபின் ஒரு தொழிலாளி எங்கே போகலாம், யாரோடு உட்காரலாம்? துரைமாருக்குக் கிளப் இருந்தது. தொழிலாளிக்குத் திறந்திருந்தது கள்ளுக்கடை. அதை மூடச் சொன்னதை வெறும் மதுவிலக்காக விளக்கும் குறிப்புகள் எனக்கு உடன்பாடில்லை.

'ஆசிய ஊழியர்' என்ற சொல்லையும் கவனிங்க. நம்ம கிராணியும் அதில் அடக்கம். 1884-இல் சிலாங்கூர் கிளப் தொடங்கியபோது தம்புசாமிப் பிள்ளைக்கு அங்கே இடம் கிடைத்தது. வாசலில் நிறத்தோடு அந்தஸ்தும் காவல் நின்றது. வெள்ளையருக்கு எதிராகத் தமிழர் என்று மட்டும் எழுதும் கட்டுரை இங்கே தடுமாறும்.

தென்னாப்பிரிக்காவில் இதே பிரிவினை சட்டமாகவே இருந்தது. பொழுதுபோக்கு இடங்களை இனவாரியாகப் பிரிக்க 1953-இல் சட்டம் வந்தது, கடற்கரையில்கூடப் பலகை. 1963-இல் நேட்டால் ஓப்பன் கோல்ஃப் போட்டியில் வென்ற பாப்வா செவ்குலும், இந்திய வம்சாவளி என்பதால் டர்பன் கிளப் கட்டடத்துக்குள் நுழைய முடியாமல், வெளியே மழையில் நின்று கோப்பையை வாங்கினார். அந்தச் சட்டம் 1990-இல் நீக்கப்பட்டது. நம் தோட்டங்களில் சைக்கிளைவிட்டு இறங்கு என்று பலகை இல்லை, நீக்கச் சட்டமும் இல்லை. வழக்கம்தான் இருந்தது. அதனால்தான் சைக்கிளைத் தனியாக எழுதிக் கேட்க வேண்டியிருந்தது.

பட்டியலில் ஒரு குறையும் உண்டு. கள்ளுக்கடையை மூடச் சொன்னவர்கள், அதற்குப் பதில் திடல் வேண்டும், நூலகம் வேண்டும் என்று கேட்கவில்லை. சங்கம் அமைந்திருந்தால் கேட்டிருக்கலாம். அதற்குள் தலைவர் ஆர்.எச். நாதன் கைதாகி நாடு கடத்தப்பட்டார். துப்பாக்கிச் சூட்டில் குறைந்தது 5 பேர் இறந்தனர்.

ராசா, கோலசிலாங்கூர் பக்கம் பாட்டனார் தோட்டத்தில் வளர்ந்த மாணவர்கள் வகுப்பில் இருந்தால், அந்தத் தோட்டத்துத் திடல் யாருடையது என்று வீட்டில் கேட்டு வரச் சொல்லுங்க. தோட்ட நிலம் கைமாறும்போது திடலும் அதோடு போய்விடும். அது பொதுத்திடலாக என்றைக்கும் பதிவானதில்லை. கட்டுரையை அங்கிருந்து தொடங்கலாம், கூலி இரண்டாம் பத்தியில் வரட்டும்.