பெயர்க் கையேடுகளின் பொருளுரையும் சொல்வரலாறும்: மாட்டுங்காவை முன்வைத்து

மாட்டுங்கா என்னும் ஊர்ப்பெயர் யானையைக் குறிக்கும் ‘மாதங்கம்’ என்னும் வடசொல்லிலிருந்து பிறந்தது என்றும், மஹிகாவதி அரசன் பீமதேவனின் யானைக் கொட்டில் அங்கிருந்தது என்றும் மும்பையில் ஒரு கூற்று வழங்கி வருகிறது. மராத்தியர் அப்பெயரின் இடையில் டகரத்தையும் உகரத்தையும் ஒலிக்கின்றனர். மாதங்கத்தில் உள்ளவையோ தகரமும் அகரமும் ஆகும். இம்மாற்றங்களுக்கு விளக்கம் தரப்படாத வரை இக்கூற்றைக் கதை என்றே கொள்ள வேண்டும். ஊர்ப்பெயர்க் கதையால் எவர்க்கும் இழப்பில்லை. குழந்தைப் பெயரின் நிலை வேறு. கையேட்டில் கண்ட பொருளை நம்பியே பெற்றோர் பெயரைத் தெரிவு செய்கின்றனர்.

மாட்டுங்காத் தமிழர் வீட்டில் குழந்தையின் பெயர் தமிழில் தெரிவு செய்யப்பட்டாலும், மாநகராட்சியின் பிறப்புச் சான்றிதழில் அது மராத்தியிலும் ஆங்கிலத்திலும் எழுதப்படுகிறது. தமிழ்நாட்டில் மறைந்து நிற்கும் குழப்பம் இங்கு வெளிப்படுவது இதனால்தான். ‘தனு’ என்று தமிழில் எழுதிய பெயர் உடலையும் மெலிந்தவளையும் குறிக்கும் சொல்லா, வில்லைக் குறிக்கும் சொல்லா? நாகரியில் இவை வெவ்வேறு எழுத்தில் தொடங்குவன. வடசொல்லை வடவெழுத்து நீக்கி எழுதும் தொல்காப்பிய மரபு தமிழின் ஒலியமைப்பைக் காத்தது. ஆனால் அவ்வடிவத்தை மட்டும் கொண்டு மூலச்சொல்லைத் துணிதல் இயலாது.

நாண்மீன் எழுத்துகளிலும் இதே இடர்ப்பாடு உண்டு. அசுவினிக்குச் சு, சே, சோ, ல என்பன உரியவை. நாகரியில் இச்சகரம் ‘பச்சை’ என்பதில் கேட்கும் வல்லோசை உடையது. ஸ, ஸி, ஸு என்பன சதயத்துக்கு உரியவை. கிரந்த எழுத்தை விலக்கி அச்சிடும்போது இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. அசுவினிக் குழந்தைக்கு எழுத்துப் பார்த்து இடப்படும் ‘சுரேஷ்’ ஒலியால் சதயத்துக்கு உரியதாகிறது. (திருவாதிரைக்கு உரிய எழுத்துகளுள் ஙகரமும் ஒன்று. அதில் தொடங்கும் பெயரைத் தேடித் தருவார் எவருமிலர்.)

பொருளுரையில் நேரும் பிழைகள் இவற்றினும் கடுமையானவை. ‘ஆரவ்’ என்பதற்கு ‘அமைதியானவன்’ என்னும் பொருள் பரவலாகத் தரப்படுகிறது. மோனியர் வில்லியம்சின் அகராதி (1899) ஆரவம் என்பதற்குத் தரும் பொருள் கூச்சல், பேரொலி என்பதே. ஆரவாரம் என்னும் சொல்லைப் பயின்ற தமிழர்க்கு இவ்விடத்தில் ஐயம் எழாதது வியப்பே. ‘மைரா’வை வடசொல்லாகக் காட்டுவாரும் உளர். அது 16ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் ஃபல்க் கிரெவில் ஆக்கிக்கொண்ட பெயர். ‘ரேயான்ஷ்’ என்பதில் அம்சம் என்னும் பகுதி விளங்குகிறது. முற்பகுதிக்குக் கூறப்படும் ‘ஒளிக்கதிர்’ என்னும் பொருளோ ‘ரே’ என்னும் ஆங்கிலச் சொல்லிலிருந்து வந்ததாகவே தோன்றுகிறது.

தனித்தமிழ்ப் பெயர்த் தொகுப்புகளும் இவ்வகைக் குறையிலிருந்து தப்பவில்லை. ‘அகிலன்’ தமிழ்ப்பெயராகவே பலராலும் கருதப்படுகிறது. அனைத்தும் எனப் பொருள்படும் வடசொல்லே அதன் அடி. ‘அகில்’ என்று மட்டும் நிற்கும்போது அது நறுமண மரத்தின் தமிழ்ப்பெயராகவும் இருக்கலாம், அவ்வடசொல்லாகவும் இருக்கலாம். அழகைக் குறிக்கும் பழந்தமிழ்ச் சொல்லாகிய ‘கவின்’ என்பதைக் ‘கவி’ என்பதோடு இணைத்தல் பொருந்தாது. ‘மீனா’வை வடமொழிப் பெயர் என்று எழுதி அமைதலும் போதாது. மீனம் என்னும் வடசொல்லே திராவிட மொழியிலிருந்து சென்றது என்பது பரோ முதலிய அறிஞர் துணிபு. ஆய்வுக்கருவி இல்லை என்னும் சமாதானம் இங்குச் செல்லாது. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்துவிட்டது. பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி 1961இலும், அதன் இரண்டாம் பதிப்பு 1984இலும் வெளிவந்தன.

சொற்கள் யாவும் பொருளுடையன என்ற தொல்காப்பியர், அப்பொருளின் காரணம் எளிதில் புலப்படாது என்றும் உரைத்தார். கையேடுகள் இதன் முற்பகுதியை மட்டும் பின்பற்றுகின்றன போலும். ஒவ்வொரு பெயருக்கும் மூலமொழி, நாகரி வடிவம், சொல் பயின்ற நூல் ஆகியவற்றைக் குறித்தால் பக்கங்கள் மிகும் என்பது உண்மையே. ஆயினும் அகிலுக்கு இரு பதிவுகள் வேண்டும். ‘மைரா’வுக்கு எதிரே ‘ஆங்கிலக் கவிஞர் ஆக்கியது’ என்று அச்சிட்டாலும், அதன் ஓசையை விரும்பும் பெற்றோர் அப்பெயரைக் கைவிடப் போவதில்லை.