படமெடுப்போரை நோக்கி ஒரு வினா

ஆனந்த் பட்வர்த்தன் 1985இல் அளித்த 'ஹமாரா ஷஹர்' (நமது நகரம்) என்னும் விவரணப்படம், குடிசைகள் இடிக்கப்பட்ட பம்பாய் ஏழைகளின் அன்றாட வாழ்வைக் காட்டுவது. அதே ஆண்டு உச்சநீதிமன்றம், பிழைப்புரிமை வாழ்வுரிமையில் அடங்கும் எனக் கூறியும், நடைபாதைக் குடிசைகளை அகற்ற இடமளித்தது. இப்படமும் வழக்காடிய பின்னரே தூர்தர்ஷனில் ஒளிபரப்பாயிற்று.

செல்வர் பேச்சையும் வறியோர் நிலையையும் அடுத்தடுத்து வைக்கும் முறை, சிலவிடங்களில் பார்ப்போரின் தீர்ப்பை முந்திக்கொள்கிறது. ஆயினும் ஒரு காட்சி அக்குறையை மறக்கச் செய்கிறது. வீடிழந்த பெண்ணொருத்தி, தங்களைப் படமெடுப்பதால் தங்களுக்கு என்ன பயன் என்று படக்குழுவினரையே கடிந்துகொள்கிறாள். தம்மைச் சாடும் அச்சொற்களை இயக்குநர் வெட்டி நீக்கவில்லை. அனுதாபத்தினும் அரிய நேர்மை இது.

ஓசூர் சிப்காட் தொழிற்பேட்டையைச் சூழ்ந்த வாடகை அறைகளில் இன்று தமிழ், தெலுங்கு, கன்னடம், இந்தி பேசும் தொழிலாளர் நெருங்கி வாழ்கின்றனர். அவர்தம் துயரை அருளுரைக்கு எடுத்துக்காட்டாக எடுத்தாளும் ஆயரும் ஒருவகையில் படம்பிடிப்பவரே. அப்பெண்ணின் வினா அவரையும் சாரும். அதற்குச் செவிகொடாத எவர்க்கும் பிறர் துன்பத்தைப் பேசும் உரிமை எங்ஙனம் உண்டாகும்?