திருதிருவென விழிப்பதும் ஒரு நடிப்பு

2015இல் பிபிசி த்ரீயில் வந்த 'ஏஷியன் ப்ரவோகேட்டர்' தொடரில், ரொமேஷ் ரங்கநாதனை இலங்கைக்கு அனுப்பி வைப்பவர் அவருடைய அம்மா சாந்தி. இங்கிலாந்தின் க்ராலியில் பிறந்து, கணக்கு வாத்தியாராக வேலை பார்த்து, பிறகு நகைச்சுவை மேடைக்கு வந்தவர் ரொமேஷ். பிள்ளைக்கு ஊர் வாசனையே இல்லை என்பது அம்மாவின் குறை.

ரொமேஷின் ஆட்டத்தின் பிடி அங்கேதான் இருக்கிறது. கிரிக்கெட் பாஷையில் சொன்னால், ரொமேஷ் இறங்கி வந்து அடிக்கிறவர் இல்லை. பந்தைக் கடைசிவரை பார்த்துத் தட்டிவிடுகிறவர். தொங்கிய முகம், இழுத்துப் பேசும் குரல், எதற்கும் ஒரு சலிப்பு. ஊர்க்காரர்கள் சகஜமாகச் செய்வதை இவர் செய்யத் தடுமாறுவார்; சிரிப்பு இவர் பக்கமே திரும்பும். 2018இல் ஹெய்ட்டி, எத்தியோப்பியா, அல்பேனியா என்று போன அடுத்த பயணத் தொடரிலும் உள்ளூர்க்காரர் ஒருவரே வழிகாட்டி. அந்தத் தொடர் 2020இல் பாஃப்டா விருது பெற்றது.

இலங்கையின் மலையகத் தேயிலைத் தோட்டங்களைப் படமெடுக்க வருகிறவர்கள் பலருக்கு இந்தப் பொறுமை இல்லை. ரயில் ஜன்னல், தலவாக்கலைப் பக்கத்து அருவிகள், பிறகு கூடையோடு ஒரு பெண். அவரிடம் கூடையை வாங்கித் தலையில் மாட்டி, நாலு கொழுந்து கிள்ளிச் சிரித்துவிட்டு அடுத்த ஊருக்குப் போய்விடுகிறார்கள். அந்த அம்மா ஒரு வார்த்தை பேசியிருக்கமாட்டார்.

நல்ல நகைச்சுவைக் கலைஞன் அங்கே ஒரு நாள் முழுக்க நிற்பான். காலையில் பிரட்டுக்கு, அதாவது வேலை பிரிக்கும் பேர்ப்பதிவுக்குப் போவான். இடுப்பில் படங்குத் துணியைச் சுற்றிக்கொண்டு மலையேறுவான். கூடைக் கயிறு நெற்றியில் அழுந்தும். ரெண்டு இலையும் மொட்டும் தேடி விரல் தடுமாறும். பக்கத்து நிரையில் அக்காமார் கைகள் பார்க்காமலே பறக்கும். கொழுந்து நிறுக்கும்போது அவனுக்குக் கிடைப்பது அரைப்பேர். அவனைப் பார்த்து மலையே சிரிக்கும். தராசில் கிலோ குறைந்தால் பாதிக் கூலிதான் என்ற கணக்கும் அந்தச் சிரிப்போடு சேர்ந்தே பார்க்கிறவனுக்குப் புரியும். எந்த ஆவணப் படமும் இவ்வளவு சுருக்கமாக இதைச் சொல்லிவிட முடியாது.

இன்னொரு விஷயம். சிரிக்க வைக்கிறவர்கள் அங்கே ஏற்கெனவே இருக்கிறார்கள். மாசியில் காமன் கூத்து நடக்கும்போது ஹட்டன், நுவரெலியா தோட்டங்களில் ரதியாக வேடம் கட்டுவது ஆண்கள். கோமாளியும் குறவன் குறத்தியும் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயங்கள்தோறும் வந்து வம்பிழுப்பார்கள். கூத்து தொடங்குமுன் தப்பைத் தீயில் காட்டி, விரலால் தட்டித் தட்டிச் சுருதி பார்ப்பார்கள். தோல் இறுகி ஓசை ஏறிய பிறகே ஆட்டம். சிவனின் தவத்தைக் கலைத்த காமன் எரிவதையும், ரதி புலம்புவதையும் குழந்தைகள் விடிய விடிய விழித்திருந்து பார்க்கும்.

கேமராவோடு வருகிறவர் அந்தக் கோமாளியின் பக்கத்தில் நிற்கட்டும். அவர் இழுக்கும் வம்புக்குத் திருதிருவென விழிக்கட்டும். அரிதாரம் கலைத்ததும் அந்தக் கோமாளி யாரென்றும் கேட்கட்டும். விடிந்தால் அவருக்குப் பிரட்டு இருக்கிறது.