உது எங்கே போயிற்று?

ஸ்பானிஷ் இலக்கணப் புத்தகம் ஒன்றோடு ஆறு மாதமாக மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். "பேட்டையில இருந்துகிட்டு ஸ்பானிஷ் எதுக்குவே?" என்று கேட்கிற நண்பர்களுக்கு ஒரே பதில்தான். போர்ஹே, நெரூதா, மார்க்வெஸ் என்று நாம் மாய்ந்து மாய்ந்து படித்த லத்தீன் அமெரிக்கா பெரும்பாலும் ஆங்கிலத்தின் வழியே வந்தது. மீட்சியும் கல்குதிரையும் அதைக் கொண்டுவந்து சேர்த்திராவிட்டால் நமக்கு அதுவும் கிடைத்திருக்காது. அந்தக் கடனை மறுக்கவில்லை. ஆனால் வழியில் என்ன சிந்தியது என்று பார்க்க வேண்டுமல்லவா? சுட்டுப்பெயர்ப் பாடத்தில் வந்து கால் தட்டியது.

ஸ்பானிஷில் சுட்டு மூன்று: எஸ்தே, எஸே, அகெல். பால், எண் என்று இவை ஒவ்வொன்றும் கிளைக்கும். பெயர் வைக்காத ஒன்றை, நடந்த காரியத்தை, சொல்லப்பட்ட கருத்தைச் சுட்ட எஸ்தோ, எஸோ, அகெய்யோ என்று ஆணும் பெண்ணும் அல்லாத வடிவங்கள் தனி. நாம் 'இந்த', 'இது' என்று பிரிப்பதுபோல் அங்கே பிரிவில்லை. பெயருக்கு முன்னாலும் தனியாகவும் அதே சொல்தான். தனியாக நிற்பதை அடையாளங்காட்ட மேலே ஒரு கோடு போடும் வழக்கம் இருந்தது. அது தேவையில்லை என்று 2010இல் ஸ்பானிய அகாதெமியே சொல்லிவிட்டது. இதெல்லாம் மனப்பாட வேலை. விஷயம் நடுவில் இருக்கிற எஸேயில் இருக்கிறது. எஸ்தே என்னருகில் உள்ளது. அகெல் நம் இருவருக்கும் எட்டத்தில் உள்ளது. எஸே உன்னருகில் உள்ளது. நீ இப்போது சொன்ன பேச்சை நான் சுட்டினால் அது எஸோ.

இதைப் படித்ததும் எம்.ஏ. வகுப்பு ஞாபகத்துக்கு வந்தது. தொல்காப்பிய நூன்மரபு நடந்தது. அ, இ, உ மூன்றும் சுட்டு. இவற்றில் உகரச்சுட்டு வழக்கொழிந்தது என்று குறிப்பெடுத்துக்கொண்டோம். அதே வாரம், அகதிகள் முகாமிலிருந்து வந்து எங்களோடு படித்த ஒரு மாணவி என் கையைக் காட்டி, "உந்தப் புத்தகத்தை ஒருக்காத் தாங்கோ" என்றாள். வகுப்பே சிரித்தது. 'அந்தப் புத்தகம்' என்று சொல்லும்படி ஆசிரியர் திருத்தினார். வழக்கொழிந்ததாகக் காலையில் எழுதிக்கொண்ட சுட்டு மாலையில் எதிரே நின்று பேசுகிறது, அதை ஒருத்தருக்கும் அடையாளம் தெரியவில்லை. யாருடைய வழக்கு ஒழிந்தால் தமிழின் வழக்கு ஒழிந்ததாகக் கணக்கு?

உகரச்சுட்டை நம் இலக்கண மரபு அண்மைக்கும் சேய்மைக்கும் இடைப்பட்டது என்று விளக்கிக்கொண்டது. அதாவது தூரத்தை அளந்தது. நான் மையம், என்னிலிருந்து கொஞ்ச தூரம், இன்னும் கொஞ்ச தூரம் என்று முழக்கயிறு போடுகிற பார்வை. ஸ்பானிஷ் இலக்கணப் புத்தகங்கள் சிலவும் எஸேயை இப்படித்தான் அளக்கின்றன. யாழ்ப்பாணப் பேச்சு இப்படி அளப்பதில்லை. 'உங்கை என்ன செய்யிறியள்?' என்றால் நீங்கள் நிற்கிற இடத்தில் என்று பொருள். இடைமை என்பது எனக்கும் தூரத்துக்கும் நடுவில் இருக்கிற வெற்றிடமல்ல. அங்கே ஒரு ஆள் நிற்கிறார். 1185ஆம் குறளில் தலைவி பிரிந்துபோகிறவனை அகரத்தால் சுட்டவில்லை, 'உவக்காண்' என்கிறாள். அவன் இன்னும் கண்ணுக்கு மறையவில்லை, கேட்கிறவளும் திரும்பிப் பார்க்கலாம் என்று அதை வாசிக்க முடியும். அந்தச் சுட்டு கேட்பவளையும் பார்வைக்குள் இழுக்கிறது.

இப்போது மொழிபெயர்ப்புக்கு வருவோம். ஆங்கிலத்தில் சுட்டு இரண்டே இரண்டு. மூன்றறை வீட்டின் சாமானை இரண்டறையில் அடைத்து, அங்கிருந்து நம்முடைய இரண்டறைக்கு மாற்றுகிறோம். அகெல் பெரிதாகச் சேதமாவதில்லை. மார்க்வெஸின் 1967ஆம் வருட நாவல் தொடங்கும்போதே கர்னல் நினைவுகூர்கிற பிற்பகலுக்கு 'அகெய்யா'தான் வருகிறது. நம்முடைய 'அந்த' அதைத் தாங்கிவிடும். தொலைவு நமக்குப் பழக்கமானது. சேதமாவது எஸேதான். எதிராளி சொன்னதைப் பிடித்து அவனிடமே திருப்பிக் காட்டுகிற பேச்செல்லாம் 'அது' ஆகி, எங்கோ கிடக்கிற ஒன்றைப் பற்றிய தகவலாகிவிடுகிறது. மூலத்தில் இருவர் நேருக்கு நேர் பேசிக்கொண்டிருக்க, தமிழில் இருவரும் ஜன்னல் வழியே வெளியே பார்த்துப் பேசுகிறார்கள்.

பேட்டையில் அம்மாவோடு உட்கார்ந்து பீடி சுற்றுகிறவர்கள், "ஏ, அந்தக் கத்திரிய எடு" என்பார்கள். "எந்தக் கத்திரி?" "ஒங்கிட்ட கெடக்குல்லா, அது." சுட்டு போன இடத்தை 'ஒங்கிட்ட' வந்து அடைக்கிறது. ஆக, உது போனதால் உன்னைச் சுட்ட எங்களுக்கு வழியே இல்லை என்று நான் சொல்லவில்லை. வேண்டுமென்று நினைத்தால்தான் சுட்டுவோம், நினைக்காவிட்டால் விட்டுவிடலாம் என்ற நிலை வந்திருக்கிறது என்கிறேன்.

விட்டுவிட்ட இடங்களைப் பார்க்க நம்முடைய பக்கங்களைப் புரட்டினால் போதும். தமிழில் 'அவன்', 'இவர்கள்' என்கிற படர்க்கைப் பெயர்களே சுட்டிலிருந்து முளைத்தவை. ஒவ்வொன்றும் ஒரு தூரத்தைச் சுமந்துகொண்டுதான் வருகிறது. தன்மையும் முன்னிலையும்தான் பேச்சுக்குள் இருக்கிற ஆட்கள், படர்க்கை ஆளே இல்லை என்றார் பிரெஞ்சு மொழியியலாளர் பென்வெனிஸ்ட். தெருவில் 'அந்த ஆளுக', 'அந்தப் பக்கம்' என்று சாதி பேசுகிறது. நாம் அதைக் கட்டுடைத்துவிட்டு 'விளிம்புநிலை மக்கள்', 'இம்மக்கள்' என்று எழுதுகிறோம். அகரத்தை இகரமாக்கியதுதான் மிச்சம். 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக நெல்லையில் நடந்த ஊர்வலத்தைப் போலீஸ் அடித்துக் கலைத்ததில் 17 பேர் தாமிரபரணியில் மாண்டார்கள். அதைப் பற்றி நான் எழுதிய கட்டுரையை எடுத்துப் பார்த்தேன். 'அவர்கள்' நிரம்பிக் கிடக்கிறது. அந்தக் குடும்பங்களிலிருந்து ஒருவர் இதைக் கையில் எடுத்து வாசிக்கக்கூடும் என்ற நினைப்பு ஒரு வாக்கியத்தில்கூட இல்லை.

இந்த இடத்தில் என்னை நானே மறித்துக்கொள்ள வேண்டும். முன்னிலைச் சுட்டு இருந்தால் முன்னிலையில் நிற்பவருக்கு மரியாதை கிடைத்துவிடுமா? கிடைக்காது. ஸ்பானிஷில் பெயருக்குப் பின்னால் எஸே வந்தால் பெரும்பாலும் ஏளனம் ஏறிவிடும். யாழ்ப்பாணத்து 'உவன்' என்பதிலும் ஒரு இளக்காரம் வரலாம். லத்தீனில் உன்னருகில் உள்ளதைச் சுட்டியது 'இஸ்தே'. வழக்காடுகிறவர்கள் எதிர்த்தரப்பை இகழ அதைத்தான் எடுத்தார்கள். அந்த 'இஸ்தே'யிலிருந்துதான் ஸ்பானிஷின் 'எஸ்தே' வந்தது. உன்னுடையதைச் சுட்டிய சொல் என்னுடையதைச் சுட்டத் தொடங்கிவிட்டது. கொலம்பஸ் கப்பலேறுவதற்கு வெகுகாலம் முன்பே நடந்த மாற்றம் இது, ஆதிக்கத்தின் கணக்கில் எழுதிவிட முடியாது. சிங்களத்திலும் கேட்பவர் அருகில் உள்ளதைச் சுட்ட 'ஓய' என்று தனிச்சொல் இருக்கிறது. இரண்டு பக்கத்துப் பேச்சிலும் எதிரே நிற்பவருக்கு இடம் இருந்தது; 1983 முதல் 2009 வரை போரும் நடந்தது. இலக்கணம் யாரையும் காப்பாற்றாது.

அப்படியானால் உதுவுக்காக ஏன் இவ்வளவு பேச வேண்டும்? சொல் அறத்தைக் கொண்டுவராது என்பது சரி. ஆனால் ஒரு சொல்லை யார் திருத்துகிறார்கள், யார் திருத்தப்படுகிறார்கள் என்பதில் அறக்கேள்வி இருக்கிறது. உகரத்தை உயிர்ப்பிக்க இயக்கம் நடத்தச் சொல்லவில்லை. பேட்டையில் நாளைக்கே யாரும் 'உந்தக் கத்திரி' என்று கேட்கப்போவதில்லை. ஈழத்து எழுத்தை இங்கே அச்சிடும்போது 'உது என்றால் அது' என்று அடிக்குறிப்புப் போடாமலிருக்கலாம். உது என்றால் அது அல்ல. ஸ்பானிஷிலிருந்து நேராக மொழிபெயர்க்கப்போகிற தமிழ்நாட்டுக்காரர் எஸே வருமிடத்தில் நின்று, அங்கே யார் யாரோடு பேசுகிறார்கள் என்று பார்த்து, 'உன் கையிலிருக்கிற' என்றோ 'நீ சொன்ன' என்றோ இரண்டு சொல் அதிகம் செலவழிக்கலாம்.

அன்றைக்கு அவள் கேட்ட புத்தகத்தைக் கொடுத்தேனா என்று யோசித்துப் பார்க்கிறேன், ஞாபகமில்லை. அது என் கையில்தான் இருந்தது. வகுப்போடு சேர்ந்து நானும் சிரித்தேன்.