துருக்கித் திரைப்படத்தில் இரவலும் நடிப்பும்

இஸ்தான்புல் நகரின் பெயோலு பகுதியில் யெஷில்சாம் என்பது ஒரு தெரு. படநிறுவனங்கள் பல அங்கு அமைந்திருந்தமையால், அத்தெருவின் பெயர் துருக்கித் திரைப்படத் தொழிலுக்கே ஆகுபெயராயிற்று. 1972ஆம் ஆண்டில் மட்டும் துருக்கியில் ஏறத்தாழ 300 படங்கள் உருவாயின. பொருளும் காலமும் குறைந்த நிலையில் விளைந்த அவற்றுள் பல, அயல்நாட்டுக் கதைகளையும் இசையையும் இசைவு பெறாமலே எடுத்தாண்டன. இதுபற்றி அவற்றை நகைப்புக்குரியன என்று ஒதுக்குவாரும் உளர். அக்கருத்து எத்துணைப் பொருந்தும் என்பது ஈண்டு ஆராயத்தக்கது.

செட்டின் இனான்ச் இயக்கி 1982இல் வெளிவந்த 'உலகைக் காத்த மனிதன்' என்னும் படத்தைச் சான்றாகக் கொள்வோம். அதன் விண்வெளிப் போர்க் காட்சிகள், 1977இல் வந்த 'ஸ்டார் வார்ஸ்' படத்திலிருந்து எடுக்கப்பட்டவை. அக்காட்சிகள் பின்னே திரையில் ஓட, முன்னே தலைக்கவசம் அணிந்து அமர்ந்திருப்பவர் ஜூனெய்த் ஆர்க்கின். இசையும் பெரும்பாலும் இரவலே. வழிநூல் செய்வோன் முதனூலின் வேறுபட்ட தன் திறத்தைக் காட்டல் வேண்டும். பிறர் எடுத்த காட்சியையே வெட்டி ஒட்டுதல் அவ்வகையில் அடங்காது. இக்குறையை மறைத்தல் திறனாய்வு ஆகாது.

ஆயினும், கதை விண்ணினின்று இறங்கிக் கப்படோக்கியாவின் பாறை நிலத்தை அடைந்தபின் நிலை மாறுகின்றது. கதைத்தலைவன் கற்பாறைகளைக் கையால் அறைந்து பயில்கின்றான். காலில் கல்லைக் கட்டிக்கொண்டு ஓடுகின்றான். துள்ளிப் பாய்ந்து பகைவரைத் தாக்குகின்றான். இங்கே இரவல் பெற இயலாதது ஒன்று உண்டு. அது நடிகனின் உடல். மருத்துவம் பயின்று பின்னர் நடிகரான ஆர்க்கின், சர்க்கஸ் வித்தைகளையும் கற்றவர். இடர் நிறைந்த காட்சிகள் பலவற்றில் தாமே நடித்தவர். பெரும்பொருள் படைத்தோர் கருவிகளால் விளைத்த வியப்பை, அவர் தம் உடலுழைப்பால் விளைக்க முயன்றார். பகைவரின் உருவம் வெறும் துணியும் பஞ்சும் என்பது கண்ணுக்குத் தெரிகின்றது. பாய்பவனின் முயற்சி பொய்யன்று என்பதும் உடன் தெரிகின்றது.

அவர் பாய்ச்சல் ஒன்றே அறிந்தவர் அல்லர். 1978இல் யாவுஸ் ஓஸ்கான் இயக்கிய 'சுரங்கம்' என்னும் படத்தில், தொழிலாளர் உரிமைக்குப் போராடும் சுரங்கத் தொழிலாளியாக நடித்தார். ஆகவே மிகைநடிப்பு அவர்தம் இயலாமையின் விளைவன்று. அவ்வகைப் படம் வேண்டிய முறையே எனலாம்.

ஆர்க்கின் 2022இல் மறைந்தார். அப்படமோ இன்றும் நகைப்பதற்கென்றே பலரால் காணப்படுகின்றது. கதையமைப்பின் சீர்கேட்டை நகைத்தல் தகும். ஆனால் இரவல் பெற்றோர்க்குரிய பழியை, இரவல் பெறாத நடிப்பின்மேலும் ஏற்றுதல் முறையன்று. இவ்விரண்டையும் பிரித்துணர்தலே நடுநிலைத் திறனாய்வின் கடமையாகும்.