நீர்க்கரையும் சட்ட விலக்கும்

நாட்டின் உறுப்புக்களை வகுத்துரைத்த வள்ளுவர் நீரையும் மலையையும் முன்வைத்து அரணை இறுதியில் வைத்தார். டிக்கோயாப் பள்ளத்தாக்கில் அம்முதலிரண்டும் ஒருங்கே அமைந்துள்ளன. கெசல்கமு ஓயாவை மறித்து 1960களில் எழுந்த காசல்ரீ நீர்த்தேக்கம் விமலசுரேந்திர மின்னிலையத்தை இயக்குகின்றது. அவ்வோயாவும் மஸ்கெலியா ஓயாவும் கூடிக் களனி கங்கையாகின்றன; கொழும்பு மாநகர் அக்கங்கை நீரையே பருகுகின்றது. ஆதலின் இக்கரையில் எழும் ஒரு கட்டடத்தின் கழிவு இவ்வூரளவில் அடங்குவதன்று.

இத்தகைய கரைகளைக் காப்பதற்கென எழுந்தது 1980ஆம் ஆண்டின் 47ஆம் இலக்கத் தேசிய சுற்றாடல் சட்டம். 1988ஆம் ஆண்டின் திருத்தம் அதனோடு சுற்றாடல் தாக்க மதிப்பீட்டு முறையை இணைத்தது. எவ்வேலைகள் மதிப்பீட்டுக்கு உட்படும் என்பதை 1993 சூன் 24ஆம் நாள் வர்த்தமானி பட்டியலிட்டது. அப்பட்டியல் பெரும்பாலும் அளவையே அளவுகோலாகக் கொண்டது: 99 அறைகளுக்கு மேற்பட்ட விடுதி, 1000க்கு மேற்பட்ட வீடுகள் என்றவாறு. அளவிற் குறைந்தவை தாமே விலக்குப் பெறுகின்றன. எனினும் நீர்த்தேக்கத்தின் முழுக் கொள்ளளவு மட்டத்திற்கு அப்பாலுள்ள ஒதுக்கு நிலத்தில் அமையுமாயின், பட்டியலிற் கண்ட வேலை சிறிதாயினும் ஆய்வுக்குரியதே. நீரை அணுகுந்தோறும் விலக்கு சுருங்குகின்றது. இது போற்றற்குரிய அமைப்பாகும்.

இந்திய அரசின் 2017ஆம் ஆண்டுச் சதுப்புநில விதிகள் இதற்கு மாறான வழியிற் செல்கின்றன. அவை படகுத்துறை ஒழிந்த நிலையான கட்டடங்களைப் பெருவெள்ள மட்டத்தின் சராசரிக் கோட்டிலிருந்து 50 மீற்றருக்குள் தடுக்கின்றன. அடுத்தே, மாநில அரசு கோரினால் மத்திய அரசு அத்தடையைத் தளர்த்தலாம் எனவும் கூறுகின்றன. எந்நிலையில் தளர்த்தலாம் என்பதற்கு வரையறை தரவில்லை. வரையறையற்ற விலக்கு விதியையே விழுங்கிவிடும். பெங்களூர் ஏரிகளுக்குத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2016இல் விதித்த 75 மீற்றர் எல்லையை உச்ச நீதிமன்றம் 2019இல் நீக்கியது. எல்லைக்கோடு எவ்வளவு எளிதில் இடம்பெயர்கின்றது என்பதற்கு இது சான்று.

ஆயினும் விலக்கு யாவும் தீதென்று கூறுதல் மலையகத்தை அறியாதார் கூற்றாகும். தலைமுறை தலைமுறையாக லயங்களில் வாழ்ந்தோர்க்குச் சொந்த நிலமில்லை. சமநிலமோ மிக அரிது. மவுசாக்கலை நீர்த்தேக்கம் பழைய மஸ்கெலியா நகரைக் கோயிலோடும் விகாரையோடும் பள்ளிவாசலோடும் மூழ்கடித்தது. கோடையில் நீர் வற்றும்போது அவை மீண்டும் தலைகாட்டுகின்றன. நாட்டின் ஒளிக்காகத் தம் ஊரை ஈந்த மக்களிடம், பாடசாலைக்கும் இடமில்லை எனக் கூறுதல் அறமாகாது. இந்திய உதவியுடன் டிக்கோயாவில் எழுந்து 2017 மே 12இல் திறக்கப்பட்ட 150 படுக்கை வைத்தியசாலை, பொதுவசதியின் தேவை இங்கு எத்துணைப் பெரிது என்பதைக் காட்டும்.

ஆகவே வினா, விலக்கு வேண்டுமா என்பதன்று. அதனை யார், யாருக்காக, யாரைக் கேட்டு அளிக்கின்றனர் என்பதே. குறை இங்கேதான் உள்ளது. முழு மதிப்பீட்டு அறிக்கையாயின் சிங்களம், தமிழ், ஆங்கிலம் ஆகிய மும்மொழிச் செய்தித்தாள்களிலும் அறிவித்து, முப்பது நாள் மக்கள் கருத்தை ஏற்றல் வேண்டும். சிறு வேலைகளுக்குரிய ஆரம்ப சுற்றாடல் பரிசோதனைக்கோ 2000ஆம் ஆண்டின் 53ஆம் இலக்கத் திருத்தம் இக்கடப்பாட்டை நீக்கிவிட்டது. அறிக்கை பொது ஆவணமே. ஆயினும் அஃது உண்டென்று அறிவிப்பாரின்றிக் கொழுந்து பறிக்கும் தாய் அதனை எங்ஙனம் தேடிச் செல்வாள்? கரையைக் காக்கும் சட்டம், கரையில் வாழ்வாரின் செவிக்கு எட்டாமற் போகின்றது.

நேரிய விலக்கிற்கு மூன்று இலக்கணங்கள் கூறலாம். வேறு நிலம் இல்லை என்பது நிறுவப்படல் வேண்டும். கழிவு நீர் ஒரு துளியும் தூய்மை பெறாது தேக்கத்திற் கலவாமை உறுதியாதல் வேண்டும். அவ்வூர் மக்கள் தம் மொழியில் முன்னரே கேட்கப்படல் வேண்டும். இம்மூன்றையும் வைத்தியசாலை நிறைவு செய்யக்கூடும். பொதுவசதி என்னும் போர்வையில் வரும் உல்லாச விடுதி மூன்றாவதில் பெரும்பாலும் தவறும். பொது என்னும் பெயர் மட்டும் உரிமை தாராது. பொதுமக்கள் இசைவே தரும்.