கதாநாயகனை விட்டு விலகும் கேமரா

இன்று ‘மேக்கிங் வீடியோ’ என்று வருபவற்றில் பெரும்பாலானவை படக்குழு தன் செலவிலேயே தன்னைப் புகழ்ந்துகொள்பவை. இயக்குநர் மானிட்டரைப் பார்த்துத் தலையாட்டுவார், நடிகர் சிரிப்பார், பின்னணியில் இசை ஏறும். இந்த வகையை ஒரு கலையாக்கிக் காட்டியவர்களில் அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்குக்கு (1935–2013) முதலிடம் தருவேன். எல்லோரும் இயக்குநரையே பார்த்துக்கொண்டிருந்த இடத்தில் அவர் கேமராவைப் பக்கத்தில் திருப்பினார். அவருடைய மேதைமை அந்தத் திருப்பத்தில்தான் இருக்கிறது.

அந்தப் பழக்கம் திடீரென்று வந்ததல்ல. நாடக எழுத்து படித்துவிட்டு சினிமாவுக்கு வந்தவர் பிளாங்க். ஆனால் அவர் படங்களில் நாடகத்தைவிட அடுப்புக்கும் ஆட்டத்துக்கும்தான் இடம் அதிகம். ப்ளூஸ் பாடகர் லைட்னின் ஹாப்கின்ஸ், டெக்சஸ்–மெக்சிகோ எல்லைப்புற இசைக்காரர்கள், நியூ ஆர்லியன்ஸ் திருவிழாக் கூட்டம் என்று எதை எடுத்தாலும் பாட்டுக்கு நடுவே யாரோ எதையோ கிளறிக்கொண்டிருப்பார்கள். பூண்டைப் பற்றியே 1980இல் ஒரு படம் எடுத்தார். அது ஓடும்போது அரங்கிலேயே பூண்டைச் சுட்டு மணக்கவைப்பதும் உண்டு! அதே ஆண்டில் வந்தது, ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் தன் ஷூவைத் தின்னும் குறும்படம். இளம் இயக்குநர் எரோல் மோரிஸ் தன் முதல் படத்தை முடித்துவிட்டால் ஷூவைத் தின்கிறேன் என்று சொன்ன வாக்கை ஹெர்சாக் காப்பாற்றுகிறார். பிளாங்கோ, தோல் வேகும் பானையையும் அதில் விழும் பூண்டையும் விட்டுக் கண்ணை எடுப்பதில்லை.

இந்தக் கண்ணோடுதான் அவர் பெரு நாட்டு அமேசான் காட்டுக்குப் போனார். அங்கே 320 டன் எடையுள்ள நீராவிக் கப்பலை மலைமேல் இழுத்து ‘ஃபிட்ஸ்கரால்டோ’ என்ற படத்தை எடுத்துக்கொண்டிருந்தார் ஹெர்சாக். சுமார் 40 சதவீதம் முடிந்த நிலையில் நாயகன் ஜேசன் ரோபார்ட்ஸ் நோயால் விலக, உடன் நடித்த பாடகர் மிக் ஜாகரும் போக, நடிகர் கிளவுஸ் கின்ஸ்கியை வைத்து மறுபடி முதலிலிருந்து ஆரம்பம். கைவிடப்பட்ட அந்தக் காட்சிகளில் சிலவற்றை 1982இல் வந்த பிளாங்கின் ‘பர்டன் ஆஃப் ட்ரீம்ஸ்’ படத்தில் பார்க்கலாம். இத்தனை பரபரப்பு கையில் கிடைத்தும், பெண்கள் மரவள்ளிக்கிழங்கை மென்று துப்பி மசாட்டோ என்னும் பானம் தயாரிப்பதை அவர் நிதானமாகக் காட்டுகிறார். கப்பல் நகராத நாட்களில் முகாம் எப்படி அலுத்துக் கிடக்கிறது என்பதையும் காட்டுகிறார். காட்டையே சபித்து ஹெர்சாக் பேசும் புகழ்பெற்ற பேச்சு இதனால்தான் கனக்கிறது. அவர் நரகம் என்று காணும் இடத்தில் மற்றவர்கள் சமைத்துச் சாப்பிட்டு வாழ்வதை நாம் பார்த்துவிட்டோம். இதில் பாதிப் பெருமை ஒலிப்பதிவும் படத்தொகுப்பும் செய்த மோரீன் காஸ்லிங்குக்குப் போக வேண்டும். பாராட்டுபவர்கள் அவரை ஏனோ எளிதில் மறந்துவிடுகிறார்கள்.

‘பிளாங்க் ஹெர்சாக்கின் நண்பர், காட்டை வென்ற பைத்தியக்காரக் கலைஞன் என்ற புராணத்துக்கு இந்தப் படமும் துணைபோனது’ என்பார்கள். துணைபோனது உண்மை. ஆனால், கப்பலை இழுக்கும் சரிவு ஆபத்தானது என்று எச்சரித்த பிரேசில் பொறியாளர் வேலையை விட்டு விலகியதும், படக்குழுவின் முந்தைய முகாமை அகுவாருனா பழங்குடி மக்கள் எதிர்த்ததும் எரித்ததும் இதே படத்தில்தான் பதிவாகியிருக்கின்றன. புகழ்பாட வந்தவர் இவற்றை முதலில் வெட்டியிருப்பார். பழங்குடிகளை வேடிக்கைப் பொருளாக்கினார் என்ற குற்றச்சாட்டு இதைவிடக் கடினமானது. மசாட்டோ காட்சியில் வெளியூர்க்காரனின் வியப்பு கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கத்தான் செய்கிறது. ஆனாலும் டெக்சஸில் சமையலறைகளைப் பார்த்த அதே கண்தான் இங்கும் பார்க்கிறது. யாரையும் நடிக்கச் சொல்வதில்லை. ஹெர்சாக்கின் படத்தில் அந்த மக்கள் கயிறு இழுக்கும் கூட்டம். பிளாங்கின் படத்திலோ அவர்கள் கூலியையும் நிலத்தையும் பற்றிக் கேள்வி உள்ளவர்கள். பிளாங்கும் காஸ்லிங்கும் காட்டில் எழுதிய நாட்குறிப்புகள் 1984இல் புத்தகமாகவும் வந்தன. ‘ஃபிட்ஸ்கரால்டோ’வுக்காக ஹெர்சாக் கான் விழாவில் சிறந்த இயக்குநர் விருது வாங்கினார். இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்க நேர்ந்தால், நான் மறுபடி போட்டுப் பார்க்க விரும்புவது பிளாங்கின் படத்தைத்தான்.